மனநல மருத்துவமனையில் ஒரு டார்க் காமெடி மாக்குமென்டரி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மனநல வார்டில் பல வருடம் நர்ஸாக இருந்துவிட்டு, இப்போது குறும்படம், வெப் சீரிஸ் எடுப்பவர்களின் திரைக்கதையைப் படித்து மருத்துவமனைக் காட்சிகளுக்குக் கருத்துச் சொல்கிறேன். "மனநல மருத்துவமனை, டார்க் காமெடி, டாக்குமென்டரி மாதிரி எடுக்கப்போறோம்" என்று யாராவது ஒருவர் வந்துகொண்டே இருக்கிறார். வருகிறவர்கள் மாறினாலும் சந்தேகங்கள் மாறுவதில்லை, அதனால் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன்.

மாக்குமென்டரின்னா என்ன? கேமராவை ஆட்டி ஆட்டி எடுத்தா அது மாக்குமென்டரி ஆயிடுமா?

ஆகாது. கற்பனைக் கதை ஒன்றை, நிஜமாக நடந்ததை ஒரு படக்குழு போய்ப் பதிவு செய்தது போலச் சொல்வதுதான் மாக்குமென்டரி. கதைக்குள்ளேயே ஒரு கேமரா இருக்கிறது, அது இருப்பது எல்லாருக்கும் தெரியும். கேமரா முன்னால் ஒருவர் காட்டுகிற முகமும், அது அணைந்துவிட்டது என்று நினைத்துக் காட்டுகிற முகமும் வேறு வேறாக இருக்கும், சிரிப்பு அந்த இடைவெளியில்தான் இருக்கிறது. கேமரா ஆடுவது வெறும் மேல்பூச்சு.

இந்த வடிவம் புதிதல்ல. 1957 ஏப்ரல் 1 அன்று பிபிசி, சுவிட்சர்லாந்தில் மரத்திலிருந்து ஸ்பாகெட்டி அறுவடை செய்கிறார்கள் என்று கொஞ்சமும் சிரிக்காத குரலில் ஒரு செய்திப்படம் போட்டது, அதை நம்பி அந்த மரத்தை எப்படி வளர்ப்பது என்று கேட்டவர்களும் இருந்தார்கள். 1984ல் ராப் ரெய்னர் ஒரு கற்பனை ராக் இசைக்குழுவை வைத்து எடுத்த 'திஸ் இஸ் ஸ்பைனல் டாப்', 2001ல் வந்த 'தி ஆபீஸ்' தொடர், இந்த இரண்டையும் பார்த்துவிட்டுத்தான் பெரும்பாலும் என்னிடம் வருகிறார்கள். வடிவத்தைக் கற்றுக்கொள்ள இரண்டும் நல்லவை. ஆனால் ராக் பாடகனும் ஆபீஸ் மேனேஜரும் பிடிக்காவிட்டால் எழுந்து வெளியே போய்விடலாம், நீங்கள் தேர்ந்தெடுத்திருக்கும் இடம் அப்படிப்பட்டதல்ல.

ஆபீஸ், ஸ்கூல், போலீஸ் ஸ்டேஷன்னு எத்தனையோ இடம் இருக்கே, ஏன் மனநல மருத்துவமனை? சும்மா அதிர்ச்சிக்காகவா?

அதிர்ச்சிக்காக மட்டும் என்றால் வேண்டாம், வேறு இடம் பார்த்துக்கொள்ளுங்கள். இந்த இடத்துக்கு என்று ஒரு தனித்தன்மை இருக்கிறது. படக்குழு உள்ளே நுழைவதற்கு முன்பே அங்கே எல்லாரும் பார்க்கப்பட்டுக்கொண்டும் எழுதப்பட்டுக்கொண்டும் இருக்கிறார்கள். என்ன சாப்பிட்டார், எத்தனை மணிக்குத் தூங்கினார், யாரோடு பேசினார், எல்லாம் கேஸ் ஷீட்டில் ஏறும். ஆபத்து அதிகம் என்று கருதப்படுகிறவரை கால் மணி நேரத்துக்கு ஒருமுறை பார்த்துக் குறிக்கிற வழக்கம் பல வார்டுகளில் உண்டு. ஏற்கெனவே இத்தனை கண்கள் இருக்கிற இடத்துக்குள் நீங்கள் இன்னொரு கண்ணைக் கொண்டுபோகிறீர்கள், படத்தின் கதையே அதில் தொடங்கிவிடுகிறது.

டேவிட் ரோசன்ஹான் என்ற உளவியலாளர் 1973ல் 'சயன்ஸ்' இதழில் ஒரு கட்டுரை எழுதினார். நோய் இல்லாத எட்டுப் பேர், காதில் ஏதோ குரல் கேட்கிறது என்று மட்டும் சொல்லி, அமெரிக்காவில் பன்னிரண்டு மருத்துவமனைகளில் சேர்ந்தார்கள் என்றும், உள்ளே போனதும் சாதாரணமாகவே இருந்தும் வெளியே வர 7 முதல் 52 நாள் வரை ஆனது என்றும் அதில் சொன்னார். அந்தக் கட்டுரையின் நம்பகத்தன்மை பற்றி 2019ல் சூசன்னா கஹலன் புத்தகமே எழுதிக் கடுமையான சந்தேகங்களைக் கிளப்பியிருக்கிறார், அதனால் அதை ஆதாரமாகத் தூக்கிப் பிடிக்காதீர்கள். ஆனால் அதில் வருகிற ஒரு வரியைப் படித்துவிட்டு எழுத உட்காருங்கள். உள்ளே போனவர்கள் நோட்டில் குறிப்பு எடுத்துக்கொண்டிருந்தார்கள், என்ன எழுதுகிறாய் என்று யாரும் கேட்கவில்லை, நோயாளி எழுதும் நடத்தையில் ஈடுபடுகிறார் என்று பதிவேட்டில் குறித்துக்கொண்டார்கள். அவர்கள் வேஷம் போட்டு வந்தவர்கள் என்று சந்தேகப்பட்டது பக்கத்துப் படுக்கைக்காரர்கள்தான் என்றும் கட்டுரை சொல்கிறது. வார்டில் இருந்தவள் என்ற முறையில் இந்த இரண்டையும் என்னால் சுலபமாக நம்ப முடிகிறது.

நோயாளிகளைப் பார்த்துச் சிரிக்கிறது பாவம் இல்லையா?

அவர்களைப் பார்த்துச் சிரித்தால் பாவம்தான். கருப்பு நகைச்சுவைக்கு எல்லை கிடையாது என்று சொல்கிறவர்களோடு எனக்கு ஒத்துப்போவதில்லை. ஒருவருக்குக் காதில் குரல் கேட்பது, ஒருவர் கையைத் திரும்பத் திரும்பக் கழுவுவது, ஒருவர் பத்து நாளாகப் படுக்கையை விட்டு எழாமல் இருப்பது, இவை அவரவருக்கு வலி. அந்த வலியை எடுத்து நடிகர் ஒருவர் கண்ணை உருட்டிக் காட்டினால் அதில் நகைச்சுவை எதுவும் இல்லை, அது வக்கிரம்.

ஆனால் அந்த இடத்தில் சிரிக்க நிறைய இருக்கிறது, அங்கே இருக்கிறவர்களே சிரிக்கிறார்கள். உதாரணத்துக்கு ஒன்று. நோயாளி "எனக்கு ஒன்றும் இல்லை, நான் நன்றாக இருக்கிறேன்" என்றால் தன் நோயைப் பற்றிய புரிதல் அவருக்கு இல்லை என்று எழுதுவார்கள், டிஸ்சார்ஜ் தள்ளிப்போகும். "எனக்கு உடம்பு சரியில்லைதான்" என்றால் அவரே ஒப்புக்கொள்கிறார், டிஸ்சார்ஜ் தள்ளிப்போகும். அப்புறம் என்னதான் சொல்வது? நோய் இருந்தது, இப்போது குறைந்திருக்கிறது, மாத்திரையை விடமாட்டேன் என்று சரியான அளவு சோகம் கலந்து சொல்ல வேண்டும். புதிதாக வந்த பெண்ணுக்கு, ரவுண்ட்ஸுக்கு முந்தைய இரவு இதைப் பழைய நோயாளி ஒருவர் சொல்லிக்கொடுத்து ஒத்திகை பார்த்ததை நான் கேட்டிருக்கிறேன், இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். இதில் யாருடைய நோயும் கேலிக்கு ஆளாகவில்லை, நல்லாயிருக்கிறேன் என்பதை நிரூபிக்கச் சொல்கிற ஏற்பாட்டைப் பார்த்துத்தான் சிரிப்பு வருகிறது.

ஒரு காட்சியை எழுதியதும், அதே நோய் உள்ள ஒருவர் முதல் வரிசையில் உட்கார்ந்து பார்க்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். மற்றவர்களோடு சேர்ந்து அவரும் சிரிப்பாரா, இல்லை மற்றவர்கள் சிரிக்கும்போது தலையைக் குனிந்துகொள்வாரா? எனக்கு வருகிற திரைக்கதைகளில் பாதிக்கு மேல் இந்த இடத்திலேயே நின்றுவிடுகின்றன.

அப்போ நோயாளிங்க எல்லாம் அப்பாவி, டாக்டர் நர்ஸ் எல்லாம் கொடுமைக்காரங்க, அப்படி எழுதணுமா?

அதுவும் பொய். கொடுமைக்காரத் தலைமை நர்ஸ் என்ற கதாபாத்திரம் ஏற்கெனவே போதும் போதும் என்கிற அளவுக்கு வந்துவிட்டது. ஒரு ஷிஃப்டில் வரவேண்டியவர்களில் இரண்டு பேர் வராமல், இருக்கிறவர் மருந்து கொடுத்து, போனை எடுத்து, அழுகிற உறவினரை உட்கார வைத்து, இதற்கு நடுவே கால் மணிக்கு ஒருமுறை பார்த்ததற்கான கட்டங்களில் கையெழுத்தும் போட வேண்டியிருக்கும். கட்டம் எல்லாம் நிரம்பியிருக்கிறது, ஆளைப் பார்த்தாரா என்பது வேறு கேள்வி. அவர் கெட்டவர் கிடையாது. மூன்று கட்டத்தைச் சேர்த்து நிரப்பிவிட்டு நிமிர்ந்தால் எதிரே கேமரா இருக்கிறது என்றால், அந்த ஒரு நொடி முகம் போதும், வசனமே வேண்டாம்.

நோயாளிகளையும் அப்பாவிகளாக்காதீர்கள். பொய் சொல்கிற நோயாளி, கஞ்சன், காதல் கடிதம் எழுதித் தருகிறவர், எல்லாருடைய வழக்கையும் தானே வாதாடுகிற முன்னாள் வக்கீல், டிவி ரிமோட்டை விட்டுக்கொடுக்காதவர், இவர்கள் எல்லாம் இருப்பார்கள். ஒரு மனிதருக்கு நோய் வந்ததால் அவருடைய மற்ற குணங்கள் எங்கேயும் போய்விடுவதில்லை.

கதைக்குள்ள இருக்கிற படக்குழுவுக்கு யார் அனுமதி கொடுத்தாங்க? இதெல்லாம் யாரு யோசிக்கப்போறா?

நான் யோசிப்பேன், பார்ப்பவர்களில் பாதிப்பேரும் யோசிப்பார்கள். என்னைக் கேட்டால் இந்த வகைப் படத்தின் நெஞ்சே இந்தக் கேள்விதான். நிர்வாகி சரி சொல்லிவிடுவார், அவருக்கு மருத்துவமனைக்கு நல்ல பெயர் வேண்டும். நோயாளி? நேற்று மனப்பித்தின் (அளவுமீறிய உற்சாகமும் வேகமும் பிடித்துக்கொள்கிற நிலை, மேனியா என்பார்கள்) உச்சத்தில் இருந்துகொண்டு நாலு பேர் கேட்க உற்சாகமாகக் கையெழுத்துப் போட்டவர், இரண்டு வாரம் கழித்துத் தெளிந்ததும் "நான் என்னென்ன பேசினேன், அதையெல்லாம் எடுத்தீர்களா?" என்று கேட்டால் உங்கள் இயக்குநர் கதாபாத்திரம் என்ன செய்யும்? அழிக்குமா? முகத்தை மங்கலாக்கிவிட்டு வைத்துக்கொள்ளுமா? இல்லை, அவர் கேட்கிற அந்தக் காட்சியையும் சேர்த்து எடுக்குமா? மூன்றாவதைச் செய்கிற இயக்குநரைப் பார்த்துச் சிரிப்போம், சிரித்த கையோடு நமக்கே சங்கடமாக இருக்கும். அந்தச் சங்கடத்துக்காகத்தான் இந்த வடிவத்தை எடுத்திருக்கிறீர்கள்.

இது நிஜத்திலேயே நடந்திருக்கிறது. ஃப்ரெடெரிக் வைஸ்மன், மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிரிட்ஜ்வாட்டரில் குற்ற வழக்குகளில் சிக்கிய மனநோயாளிகளை வைத்திருந்த நிறுவனத்துக்குள் போய் 'டிட்டிகட் ஃபாலிஸ்' என்ற டாக்குமென்டரியை எடுத்தார், 1967ல் வந்தது. சாப்பிட மறுக்கிற ஒருவருக்கு மூக்கு வழியாகக் குழாய் போட்டு மருத்துவர் உணவு ஊற்றுகிறார், ஊற்றும்போது அவர் வாயில் சிகரெட் புகைந்துகொண்டிருக்கிறது, சாம்பல் நீண்டு நீண்டு புனலுக்கு மேலே தொங்குகிறது. எந்தத் திரைக்கதை எழுத்தாளருக்கும் அந்தச் சாம்பல் தோன்றியிருக்காது. உள்ளே இருப்பவர்களின் அந்தரங்கம் மீறப்பட்டது என்று மாநில அரசு வழக்குப் போட்டது, பொதுமக்கள் பார்க்க 1991 வரை தடை இருந்தது. தடைக்குக் காரணம் உள்ளே இருப்பவர்கள் மேல் அக்கறையா, நிர்வாகத்தின் மேல் அக்கறையா என்று இன்றைக்கும் பேசுகிறார்கள். எனக்கு இரண்டு பக்கமும் நியாயம் தெரிகிறது. அந்த மனிதர்கள் நிர்வாணமாக நிற்பதை நான் பார்த்திருக்க வேண்டியதில்லை, ஆனால் அதை யாருமே பார்க்காமல் இருந்திருந்தால் அது அப்படியே நடந்துகொண்டிருக்கும்.

இன்னொரு விஷயம். 1966க்குப் பிறகு அங்கே மாற்றங்களும் முன்னேற்றங்களும் நடந்திருக்கின்றன என்ற விளக்கத்தைப் படத்தில் சேர்க்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிட்டது. வைஸ்மன் என்ன செய்தார் தெரியுமா? சேர்க்கச் சொல்லி நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது என்று திரையில் ஒரு எழுத்து அட்டை, அடுத்து அந்த விளக்கமே இன்னொரு அட்டை. அவ்வளவுதான், வேறு ஒரு சொல் கிடையாது. மாக்குமென்டரிக்கு எழுத்து அட்டை எழுதுகிறவர்கள் இந்த அடக்கத்தைப் பார்த்துக்கொள்ளவும்.

நான் வார்டுக்குள்ள போனதே இல்ல, எப்படி எழுதறது?

கத்தல், ஓட்டம், சங்கிலி என்று ஆரம்பிக்காதீர்கள். வார்டின் முதல் உண்மை சலிப்பு. பெரும்பாலான நேரம் எல்லாரும் எதற்காகவாவது காத்திருக்கிறார்கள். மருந்துக்கு, சாப்பாட்டுக்கு, போனுக்கு, டாக்டருக்கு, யாராவது பார்க்க வருவதற்கு. கதவு இரண்டு இருக்கும், ஒன்று பூட்டிய பிறகுதான் மற்றது திறக்கும், நடுவில் இருக்கிற அந்தச் சின்ன இடத்தில் உங்கள் ஒலிப்பதிவாளர் மைக் கம்பத்தோடு மாட்டிக்கொண்டால் நான் நிச்சயம் சிரிப்பேன்.

பெல்ட், ஷூ லேஸ், சார்ஜர் வயர் எல்லாம் உள்ளே வரும்போதே வாங்கி வைத்துவிடுவார்கள், அதனால் கவுன்டரில் ஒரே மாதிரி கறுப்பு வயர்கள் பெயர் ஒட்டிக் கிடக்கும், போன் சார்ஜ் குறையக் குறைய கவுன்டர் முன்னால் கூட்டம் சேரும். சாப்பாடு முடிந்ததும் ஸ்பூன்களை எண்ணுவார்கள். ஒன்று குறைந்தால் யாரும் நகரக்கூடாது. எண்ணுகிறவருக்கே எண்ணிக்கை தப்பியிருக்கும், திரும்ப எண்ணுவார், இதற்குள் அரை மணி நேரம் போய்விடும். மருந்து கொடுக்கும்போது சின்னக் கப்பில் மாத்திரை, இன்னொரு கப்பில் தண்ணீர், விழுங்கிய பிறகு வாயைத் திறந்து நாக்கைத் தூக்கிக் காட்ட வேண்டும். அறுபது வயதுப் பேராசிரியர் ஒருவர் நாளுக்கு மூன்று தடவை நாக்கைத் தூக்கிக் காட்டுவதை ஒருமுறை கிட்டத்தில் வைத்து எடுங்கள், அந்த இடத்தில் அவர் எதையெல்லாம் விட்டுக்கொடுத்திருக்கிறார் என்று வசனத்தில் சொல்லவே வேண்டாம்.

இதற்கு மேல் வேண்டுமென்றால் அங்கே இருந்து வந்தவர்களிடம் பேசுங்கள். டாக்டரிடம் மட்டும் பேசிவிட்டு வந்து ஆராய்ச்சி முடிந்தது என்று சொல்லாதீர்கள். டாக்டர் வார்டில் இருப்பது கொஞ்ச நேரம்தான், அவர் இருக்கும்போது வார்டும் வேறு மாதிரி இருக்கும்.

ஷாக் ட்ரீட்மென்ட் சீன் வைக்கலாமா? அது இல்லாம எப்படி?

அது இல்லாமலும் படம் எடுக்கலாம். வைப்பதென்றால் இன்றைக்கு நடக்கிறபடி வையுங்கள். மூளைக்கு மின்சாரம் கொடுத்து வலிப்பு வரவைக்கிற இந்தச் சிகிச்சையை 1938ல் ரோம் நகரில் செர்லெட்டி, பினி என்ற டாக்டர்கள் முதன்முதலில் செய்தபோது மயக்க மருந்து கிடையாது, உடம்பு தூக்கித் தூக்கிப் போடும், எலும்பு முறிந்ததும் உண்டு. சினிமாக்கள் இன்னும் அதையே காட்டிக்கொண்டிருக்கின்றன. இப்போது முறையாகச் செய்கிற இடங்களில் மயக்க மருந்தும் தசையைத் தளர்த்துகிற மருந்தும் கொடுத்த பிறகுதான் செய்வார்கள். வலிப்பு பெரும்பாலும் ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். தசை தளர்ந்திருப்பதால் வெளியே ஒன்றும் தெரியாது என்று, கணுக்காலில் ரத்த அழுத்தப் பட்டையைக் கட்டி இறுக்கிவிடுவார்கள், தளர்த்தும் மருந்து அந்தப் பாதத்துக்குப் போகாது. அந்த ஒரு பாதம் மட்டும் துடிக்கும், டாக்டர் அதைப் பார்த்துக்கொண்டு நேரத்தைக் குறிப்பார்.

உங்கள் படக்குழு மூன்று லைட் வைத்து, பயங்கரத்தை எதிர்பார்த்துக் காத்திருக்கட்டும். கிடைப்பது ஒரு பாதம். "இன்னொரு தடவை செய்ய முடியுமா?" என்று கேமராமேன் கேட்கட்டும். காட்சி கிடைத்துவிட்டது, யாரையும் பயமுறுத்தவும் இல்லை. கடுமையான மனச்சோர்வில் சாப்பாட்டையே நிறுத்திவிட்டவர்கள் இந்தச் சிகிச்சையால் எழுந்து உட்கார்ந்ததை நான் பார்த்திருக்கிறேன். சிகிச்சையை ஒட்டிய நாட்களின் நினைவு சிலருக்குப் போய்விடுவதும் உண்மை, அதையும் மறைக்காதீர்கள். வேண்டாம் என்று மறுத்தவருக்குச் செய்தார்களா இல்லையா என்பதுதான் கதையில் கேட்க வேண்டிய கேள்வி, கருவியைப் பேயாக்குவதில் பயன் இல்லை.

ஒரு கேரக்டர் ஸ்கிசோஃப்ரீனியா, அதாவது ரெண்டு ஆளா மாறி மாறிப் பேசுவான், ராத்திரில கொலை பண்ணுவான். ஓகேவா?

ஓகே இல்லை. ஸ்கிசோஃப்ரீனியா என்பது இரண்டு ஆளாக மாறுவது கிடையாது, அது வேறு, இது வேறு. ஸ்கிசோஃப்ரீனியாவில் குரல் கேட்பது, ஆதாரமில்லாத சந்தேகம் உறுதியாகிப்போவது, பேச்சு கோர்வையில்லாமல் போவது, எதிலும் ஆர்வம் வற்றிவிடுவது இப்படி வரும். மனநோய் உள்ளவர்களில் பெரும்பாலோர் யாரையும் தாக்குவதில்லை, அவர்கள் தாக்கப்படுவதுதான் அதிகம். கொலைகாரன் வேண்டுமென்றால் அவனுக்குப் பணத்தாசையோ பொறாமையோ கொடுங்கள், அதற்கு நோய் தேவையில்லை.

மருந்தைப் பத்தி எழுதலாமா? "ஊசி போட்டா ஜடம் மாதிரி ஆயிடுவாங்க"ன்னு காட்டறது சரிதானே?

பாதி சரி. மருந்து பலரைத் திரும்ப வேலைக்கும் வீட்டுக்கும் அனுப்பியிருக்கிறது, அதே மருந்துக்குத் தொல்லை தருகிற பக்கவிளைவுகளும் உண்டு. ஜடமாக உட்கார்ந்திருக்கும் காட்சியை எல்லாரும் எடுத்துவிட்டார்கள், இதற்கு நேர்மாறான ஒன்று இருக்கிறது, அதை யாரும் எடுப்பதில்லை. மனநோய்க்குக் கொடுக்கிற ஹாலோபெரிடால் போன்ற மருந்துகளால் சிலருக்கு உட்காரவே முடியாத தவிப்பு வரும், அகதீசியா என்பார்கள். கால் நிற்காது, வராந்தாவின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டே இருப்பார்கள், நின்றால் கால் மாற்றி மாற்றி வைப்பார்கள். பார்க்கிறவருக்கு அது நோய் முற்றியதுபோல் தெரியும். "நோயாளி படபடப்பாக இருக்கிறார்" என்று எழுதி, அந்த மருந்தையே கொஞ்சம் கூட்டிவிட்டால்? இன்னும் வேகமாக நடப்பார்.

தெரிந்த டாக்டர் இதைக் கண்டுபிடித்து மருந்தைக் குறைப்பார் அல்லது மாற்றுவார், அப்படித்தான் நடக்க வேண்டும். நடக்காமல் போகிறபோது கிடைக்கிற கருப்பு நகைச்சுவை, மேலே சொன்ன எழுதும் நடத்தையின் அதே குடும்பம்: மருந்து செய்ததை நோய் செய்ததாகப் பதிவேடு சொல்கிறது. உங்கள் கேமராமேன் அவரோடு கூடவே நடந்து பேட்டி எடுக்க முயன்று மூச்சு வாங்கட்டும், நடந்துகொண்டே அந்த நோயாளி மிகத் தெளிவாக "இது ஊசி போட்ட அன்னிக்கு ஆரம்பிச்சது" என்று சொல்லட்டும். படத்திலேயே சரியாகக் கண்டுபிடித்தவர் அவராக இருப்பார். ஆனால் ஒன்று, மருந்தை நிறுத்தினால்தான் விடுதலை என்ற முடிவுக்குக் கதையைக் கொண்டுபோகாதீர்கள். திடீரென்று நிறுத்திவிட்டுத் திரும்பவும் உள்ளே வந்தவர்கள் ஏராளம்.

தற்கொலையை ஜோக்கா வைக்கலாமா? டார்க் காமெடின்னா அதுதானே?

சாவதை ஜோக் ஆக்காதீர்கள், எப்படி என்பதைக் காட்டவே காட்டாதீர்கள், வசனத்தில்கூடச் சொல்லாதீர்கள். பார்க்கிறவர்களில் அந்த எண்ணத்தோடு போராடிக்கொண்டிருக்கிற ஒருவர் நிச்சயம் இருப்பார். திரைக்கும் மேடைக்கும் எழுதுகிறவர்களுக்காக உலக சுகாதார நிறுவனம் 2019ல் ஒரு கையேடு வெளியிட்டிருக்கிறது, எழுதத் தொடங்குமுன் படித்துவிடுங்கள்.

அதைச் சுற்றி நடப்பதை எழுத இடம் இருக்கிறது. ஒரு முயற்சி நடந்த மறுநாள் கூட்டம் போடுவார்கள், அந்த மனிதர் எப்படி இருக்கிறார் என்ற கேள்வி வருவதற்கு முன்பே எந்தப் படிவத்தில் யார் கையெழுத்து விட்டுப்போனது என்ற கேள்வி வந்துவிடும். அதை எழுதலாம், அதில் கோபமும் இருக்கிறது, சிரிப்பும் இருக்கிறது. ஆனால் அந்தக் கூட்டத்திலிருந்து வெளியே வந்து அவர் பக்கத்தில் போய் உட்காருகிற ஒருவரையும் எழுதுங்கள், அப்படிப்பட்டவர்களும் எல்லா வார்டிலும் இருக்கிறார்கள்.

கடைசியில டாக்டர்னு நினைச்சவர்தான் நோயாளின்னு ட்விஸ்ட் வைச்சா எப்படி இருக்கும்?

1920ல் வந்த 'தி கேபினட் ஆஃப் டாக்டர் காலிகாரி' என்ற மௌனப் படத்திலேயே, கதை சொல்லிக்கொண்டிருந்தவன் மனநல விடுதியில் இருப்பவன் என்று கடைசியில் தெரியவரும். நூறு வருடம் ஆகிவிட்டது. வேண்டாம்.

நிஜ மருத்துவமனையிலயே எடுக்கலாமா? நிஜ நோயாளிகளையே நடிக்க வைச்சா இயல்பா இருக்குமே?

நோயாளிகள் இருந்துகொண்டிருக்கிற வார்டில் எடுக்காதீர்கள். மாக்குமென்டரி என்பதால் இங்கே கூடுதல் சிக்கல், வராந்தாவில் நிற்கிறவருக்கு உங்கள் போலி கேமரா எது, நிஜ கேமரா எது என்று தெரியாது. தன்னை யாரோ படம் பிடிக்கிறார்கள் என்ற அச்சமே நோயாக இருக்கிறவர் அங்கே இருக்கலாம். மூடிவிட்ட கட்டடமோ செட்டோ போதும்.

நோயை அனுபவித்தவர்களைப் படத்தில் சேர்ப்பது வேறு விஷயம், தாராளமாகச் சேர்க்கலாம். 'ஒன் ஃப்ளூ ஓவர் த குக்கூஸ் நெஸ்ட்' 1975ல் வந்தது, ஓரிகன் மாநில மருத்துவமனையில் எடுத்தார்கள், அதன் கண்காணிப்பாளர் டீன் புரூக்ஸே படத்தில் டாக்டராக நடித்தார், அங்கிருந்த நோயாளிகள் படவேலைகளில் சேர்ந்தார்கள். உங்கள் படத்தில் தெளிந்து வெளியே வந்தவர்களை எழுத்தாளர்களாகவும் நடிகர்களாகவும் கூப்பிடுங்கள், மற்றவர்களுக்குக் கொடுக்கிற சம்பளத்தைக் கொடுங்கள், எந்தக் காட்சி வேண்டாம் என்று சொல்கிற உரிமையையும் கொடுங்கள். இலவசமாக வந்து அனுபவம் சொல்லுங்கள் என்று கூப்பிடாதீர்கள்.

எல்லாம் நிர்வாகத்தைக் கிண்டல் பண்றதாவே இருந்தா சோகமா ஆயிடாதா? சந்தோஷமான சீனே கிடையாதா?

இருக்கிறது. இத்தாலியில் ட்ரியெஸ்டே நகரத்து மனநல மருத்துவமனையில் ஃப்ராங்கோ பசாலியா இயக்குநராக இருந்தபோது, 1973ல் நோயாளிகளும் கலைஞர்களும் ஊழியர்களும் சேர்ந்து மரத்தாலும் காகிதக்கூழாலும் பிரமாண்டமான நீலக் குதிரை ஒன்று செய்தார்கள். பெயர் மார்க்கோ காவல்லோ. ஊருக்குள் ஊர்வலமாகக் கொண்டுபோகத் திட்டம், குதிரை வாசலுக்குள் அடங்கவில்லை. வாசலை உடைத்துக் குதிரையை வெளியே எடுத்தார்கள், பின்னால் நோயாளிகளும் போனார்கள். 1978ல் இத்தாலி சட்டம் போட்டு அந்தப் பழைய பாணி மனநல விடுதிகளை மூடத் தொடங்கியது.

இதைக் கற்பனை செய்து எழுதியிருந்தால் ரொம்பத்தான் செய்கிறார்கள் என்று சொல்லியிருப்பார்கள். உங்கள் வார்டிலும் வாசலை விடப் பெரியதாக எதையாவது செய்கிறவர்கள் இருக்கட்டும். குதிரையாகவே இருக்க வேண்டும் என்பதில்லை.

என் அக்காவுக்கு பைபோலார், ரெண்டு தடவை அட்மிட் ஆகியிருக்கா. அவ வாழ்க்கையில நடந்ததுதான் என் கதை. பேரை மாத்திட்டா போதும்ல?

போதாது. பெயரை மாற்றினாலும் வீட்டில் எல்லாருக்கும் தெரியும், அவர் வேலை பார்க்கிற இடத்தில் தெரியும், அவருக்குத் தெரியும். அனுமதி பற்றி மேலே சொன்னதெல்லாம் கதைக்குள் இருக்கிற இயக்குநருக்கு மட்டுமல்ல, உங்களுக்கும்தான்.

அவர் தெளிவாக இருக்கிற நாளில் கேளுங்கள், எழுதி முடித்த பிறகு காட்டுவதை விட எழுதுமுன் கேட்பது நல்லது. எது நடந்தது என்பதை நீங்கள் வார்டுக்கு வெளியே நின்று பார்த்தீர்கள், உள்ளே நடந்தது அவருக்குத்தான் தெரியும், அதில் எது சிரிப்பு என்பதும் அவருக்குத்தான் தெரியும். கேட்டால் அவர் சொல்கிறவற்றில் நீங்கள் எழுதி வைத்திருப்பதை விட நல்ல காட்சிகள் இருக்க நிறைய வாய்ப்பு இருக்கிறது, அப்படியானால் திரைக்கதையில் அவர் பெயரும் வர வேண்டும். சரி என்று சொல்லிவிட்டு ஷூட்டிங்குக்கு முந்தைய வாரம் வேண்டாம் என்று மாற்றிச் சொன்னாலும் அதை மதித்துத்தான் ஆக வேண்டும், அதனால் பணம் போடுமுன்பே அவர் இல்லாமலும் நிற்கிற மாதிரி இன்னொரு கதையைத் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். அந்த இரண்டாவது கதையை அனுப்பினால் நான் படித்துச் சொல்கிறேன்.